ஸ்கிரிப்டை விற்கட்டுமா, நானே இயக்கட்டுமா? ஒரு நடிகையின் கேள்விக்கு எடிட்டரின் பதில்

பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட ஒரு நடிகையிடமிருந்து வந்த நீண்ட கடிதம் இது. சுருக்கித் தருகிறேன். பதினோரு வருடமாக நடிக்கிறார். அக்கா, தோழி, மனைவி என்று பெரும்பாலும் துணை வேடங்கள், இரண்டு சிறிய படங்களில் நாயகி. போன இரண்டு வருடத்தில், படப்பிடிப்பு இல்லாத நாட்களில் உட்கார்ந்து 128 பக்கத்துக்கு ஒரு திரைக்கதை எழுதியிருக்கிறார். இறந்துபோன அம்மாவின் வீட்டைக் காலி செய்ய வருகிற இரண்டு சகோதரிகள், ஒரே இரவு, ஒரே வீடு, அதுதான் கதை. படித்த தயாரிப்பாளர் ஒருவருக்குப் பிடித்துவிட்டது. ஆனால் "அனுபவம் உள்ளவர் யாராவது இயக்கட்டும், நீங்கள் அக்காவாக நடியுங்கள், கதைக்குத் தனியாகப் பணம் தருகிறேன்" என்கிறார். நானே இயக்குகிறேன் என்று இவர் சொன்னதும் சிரித்திருக்கிறார். இவருடைய கேள்விகள்: விற்றுவிடலாமா, நானே எடுப்பதா? எடுத்தால் முதலில் குறும்படமா, நேராகப் பெரிய படமா? அக்கா வேடத்தில் நானே நடிக்கலாமா? இயக்கப் போகிறேன் என்று தெரிந்தால் நடிக்கிற வாய்ப்பு நின்றுவிடுமா? வசனத்தில் உதவிய நண்பருக்கு என்ன செய்வது?

வணக்கம்.

உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன், கூடவே அனுப்பியிருந்த மூன்று பக்கக் காட்சியையும் படித்தேன். பதிலை முதலில் சொல்லிவிடுகிறேன், காரணங்களை அப்புறம் பார்க்கலாம். இந்த ஸ்கிரிப்டை விற்காதீர்கள், நீங்களே இயக்குங்கள். ஆனால் நாளைக்கே இல்லை. அதற்கு முன்னால் ஒரு குறும்படம் எடுங்கள், அதில் நீங்கள் நடிக்க வேண்டாம். அந்தக் குறும்படத்துக்கும் முன்னால் எங்காவது ஒரு எடிட் அறையில் போய்ச் சில வாரம் உட்காருங்கள். எடிட்டர் என்பதால் என் தொழிலைத் தூக்கிப் பிடிப்பதாக நினைக்க வேண்டாம், காரணம் இருக்கிறது.

விற்காதீர்கள் என்று நான் சொல்வதற்கு 128 பக்கம் காரணமில்லை, அதில் மூன்று பக்கம்தான் எனக்குத் தெரியும். உங்கள் கடிதத்தின் நடுவில், வேறு எதையோ சொல்லிக்கொண்டு போகும்போது, ஒரு விஷயம் எழுதியிருக்கிறீர்கள். ஏதோ ஒரு படத்தில் உங்களுக்கு அம்மாவாக நடித்தவர், 'கட்' சொன்ன பிறகு கையில் இருந்த கண்ணாடி டம்ளரை எங்கே வைப்பது என்று தெரியாமல் இரண்டு விநாடி நின்றார், காட்சிக்கு வேண்டியது அதுதான், யாருமே அதைப் பார்க்கவில்லை என்று. அந்த இடத்தில் நான் படிப்பதை நிறுத்திவிட்டேன். ஒரு நடிகை தன் ஷாட் முடிந்ததும் சாதாரணமாக யோசிப்பது என்ன? நான் சரியாகச் செய்தேனா, இன்னொரு டேக் கேட்கலாமா, இதுதான். நீங்கள் எதிரே நின்றவரின் கையைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறீர்கள். இயக்குநராக ஆசைப்படுகிறவர்கள் பலரைப் பார்த்துவிட்டேன், இந்தக் கண் எல்லோருக்கும் இருப்பதில்லை. இருப்பவர்களிலும் பலருக்கு அது தங்களிடம் இருப்பதே தெரியாது.

ஒரு செய்தியும் சொல்கிறேன். அந்த இரண்டு விநாடி எங்கேயும் போய்விடவில்லை. 'ஆக்‌ஷன்' சொல்வதற்கு முன்னாலேயே கேமரா ஓடத் தொடங்கிவிடும், 'கட்' என்ற பிறகும் உதவியாளர் பட்டனைத் தொடும்வரை ஓடும். அந்த மிச்சம் முழுவதும் எடிட்டரின் கணினிக்கு வந்து சேரும். ஒரு ஆள் காட்சிக்குள் நுழையத் தயாராகி மூச்சை இழுக்கிற நேரம், வசனம் முடிந்து முகம் தளர்கிற நேரம், இதையெல்லாம் நான் எத்தனையோ படத்தில் வெட்டி எடுத்து நடுவில் வைத்திருக்கிறேன். பார்க்கிறவர்கள் "என்ன நடிப்பு" என்பார்கள். நடித்தவருக்கே அது எப்போது எடுத்தது என்று தெரியாது. உங்களைப் படப்பிடிப்பில் உதவி இயக்குநராகச் சேரச் சொல்லாமல் எடிட் அறைக்குப் போகச் சொல்கிறேன் என்றால் அது இதனால்தான். செட் உங்களுக்குத் தெரியும், பதினோரு வருடமாக அங்கேதான் இருக்கிறீர்கள். லென்ஸ் மாற்ற எவ்வளவு நேரமாகும், வெளிச்சம் போய்க்கொண்டிருக்கும்போது யார் யாரைத் திட்டுவார்கள், எந்தக் கேமராமேன் கேட்டால் சொல்வார், எல்லாம் உங்களுக்கு அத்துபடி. எடுத்த பிறகு அது என்ன ஆகிறது என்பது மட்டும்தான் நடிகர்களுக்குக் காட்டப்படுவதே இல்லை. டப்பிங் பேசப் போவீர்கள், உங்கள் துண்டு மட்டும் திரையில் ஓடும், பேசிவிட்டு வந்துவிடுவீர்கள்.

ஐடா லுபினோவைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஹாலிவுட்டில் பெயரெடுத்த நடிகை. கொடுத்த வேடத்தை மறுத்ததற்காக ஸ்டுடியோ அவரைச் சம்பளமில்லாமல் நிறுத்தி வைத்த நாட்களில், அவர் வீட்டில் உட்கார்ந்திருக்கவில்லை. படப்பிடிப்பையும் எடிட்டிங்கையும் பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தார். 1949இல் அவர் எழுதுவதிலும் தயாரிப்பதிலும் பங்கெடுத்த ஒரு சிறிய படத்தின் இயக்குநர் எல்மர் கிளிஃப்டனுக்குப் படப்பிடிப்பு தொடங்கிய சில நாளிலேயே மாரடைப்பு வந்துவிட்டது. லுபினோ இறங்கி முடித்துக் கொடுத்தார், இயக்குநர் என்று தன் பெயரைக்கூடப் போட்டுக்கொள்ளவில்லை. அப்புறம் 1953க்குள் வரிசையாகச் சிறிய செலவில் படங்கள் எடுத்தார், பெரிய ஸ்டுடியோக்கள் தொடத் தயங்கிய விஷயங்களை. அவசரத்துக்கு இறங்கி முடிக்க முடிந்ததே, அதற்கான பாடத்தை அவர் வேலை இல்லாத நாட்களில் படித்து வைத்திருந்தார்.

அந்தத் தயாரிப்பாளர் சிரித்தது பற்றி நிறைய எழுதியிருக்கிறீர்கள். வலித்திருக்கிறது, புரிகிறது. நடிகை இயக்குவது இன்றைக்கு வந்த புதுமை என்ற நினைப்பு அவருக்கு இருக்கலாம். டி.பி. ராஜலட்சுமி தன்னுடைய நாவலையே படமாக எடுத்து, எழுதி, இயக்கி, தயாரித்து, நடித்தது 1936இல். பானுமதி மூன்று மொழியில் ஒரே கதையை இயக்கி அதில் நடித்தது 1953இல். உங்களை நீங்கள் நிரூபிக்க வேண்டிய அவசியம் இருக்கிறது, முதல் படம் எடுக்கிற எல்லோருக்கும் இருக்கிறது. ஆனால் நடிகை என்பதற்காகக் கூடுதலாக நிரூபிக்க வேண்டியதில்லை. அவர் சிரித்ததற்குப் பதில் சொல்ல வேண்டும் என்று மட்டும் படம் எடுக்கப் போகாதீர்கள், அந்தக் கோபம் எழுதுகிற மேசைவரைதான் கூட வரும், இருபதாவது நாள் இரவுப் படப்பிடிப்பில் அது உதவாது.

அவர் தரும் பணம் உங்களுக்கு இப்போது மிகவும் தேவையாக இருந்தால் என்ன செய்வது? தேவை இருந்தால் குற்றவுணர்ச்சி வேண்டாம், ஆனால் வேறொரு கதையை எழுதிக் கொடுங்கள். அவருக்குப் பிடித்த மாதிரி ஒன்று எழுத உங்களால் முடியும். அதில் எழுத்தாளர் என்று திரையில் தனி அட்டையில் பெயர் வருமா, உங்களைக் கேட்காமல் மாற்றி எழுத அவர்களுக்கு உரிமை இருக்கிறதா, இத்தனை வருடத்துக்குள் எடுக்காவிட்டால் உரிமை உங்களிடம் திரும்புமா, இந்த மூன்றையும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். சகோதரிகள் கதையை வைத்துக்கொள்ளுங்கள். அது மற்றவர் கைக்குப் போனால் மோசமாகிவிடும் என்று சொல்ல மாட்டேன், நல்ல இயக்குநரே வாய்க்கலாம். ஆனால் கடைசி ஷாட்டைக் கடிதத்திலேயே அரைப் பக்கத்துக்கு, ஜன்னல் வழியாக வருகிற வெளிச்சம் எந்தப் பக்கச் சுவரில் விழ வேண்டும் என்பதுவரை எழுதியிருக்கிறீர்கள். அதை இன்னொருவர் வேறுவிதமாக எடுப்பதைப் பக்கத்தில் அக்கா வேஷத்தில் நின்றுகொண்டு பார்க்க உங்களால் முடியாது.

இப்போது அந்த மூன்று பக்கத்துக்கு வருகிறேன், இதைத்தான் நிறையப் பேச வேண்டும்.

17ஆவது காட்சி. அம்மாவின் அறை, பூட்டிய அலமாரி, சாவி கிடைக்கவில்லை. தங்கை கட்டிலுக்கு அடியில் தேடுகிறாள், அக்கா நின்றுகொண்டிருக்கிறாள். நாலாவது வரியில் தங்கை கேட்கிறாள்: "சாவி உன்கிட்டதானே இருந்தது?" அதற்கு அப்புறம் ஒன்றரைப் பக்கத்துக்கு அக்கா பேசுகிறாள். கடைசி ஐந்து வருடம் அம்மாவைப் பார்த்துக்கொண்டது யார், தங்கை எத்தனை தடவை வந்தாள், மருந்து வாங்கக் கையில் பணமில்லாத இரவு, எல்லாம் அதில் இருக்கிறது. நன்றாக எழுதப்பட்ட ஒன்றரைப் பக்கம், ஒரு நடிகைக்குக் கிடைத்தால் விடமாட்டார். பிரச்சினையே அங்கேதான். நடிகையாக இருந்து நீங்கள் பதினோரு வருடம் எதற்கு ஏங்கினீர்களோ, அதை உங்களுக்கே எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள்.

"சாவி உன்கிட்டதானே இருந்தது?" என்ற கேள்வியிலேயே எல்லாம் வந்துவிட்டது. இவள்தான் கூட இருந்தாள், இவளிடம்தான் சாவி இருந்தது, அப்படியென்றால் உள்ளே இருப்பது இவளுக்குத் தெரியும், ஏதாவது எடுத்திருப்பாளோ என்ற சந்தேகம், சந்தேகப்படுகிறேனே என்ற வெட்கம், இத்தனையும் அந்த மூன்று வார்த்தைக்குள். இந்தக் காட்சி என் மேசைக்கு வந்திருந்தால் அக்காவின் பேச்சை முழுவதுமாக எடுத்துவிட்டு, கேள்வி முடிந்ததும் அக்காவின் முகத்துக்குப் போவேன், அவள் பதில் சொல்லாமல் குனிந்து தங்கையோடு சேர்ந்து கட்டிலுக்கு அடியில் தேட ஆரம்பிப்பதோடு முடிப்பேன். நீங்கள் இதை ஏற்க வேண்டும் என்பதில்லை. ஆனால் ஒரு பயிற்சி செய்து பாருங்கள்: ஸ்கிரிப்ட் முழுவதையும் தங்கையாக நடிக்கப் போகிற ஆள் மாதிரி ஒரு தடவை படியுங்கள். எந்தெந்தப் பக்கத்தில் உங்களுக்கு வேலையே இல்லாமல் வெறுமனே கேட்டுக்கொண்டு நிற்க வேண்டியிருக்கிறது என்று பென்சிலில் குறியுங்கள். அங்கெல்லாம் எழுத்து அக்கா பக்கம் சாய்ந்திருக்கிறது.

நீளமும் அதிகம். சரியான அமைப்பில் தட்டச்சு செய்த ஒரு பக்கம் திரையில் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்பது பொதுக் கணக்கு, அப்படிப் பார்த்தால் உங்களுடையது இரண்டு மணி நேரத்துக்கு மேல். ஒரு வீடு, ஒரு இரவு, இரண்டு பேர் என்றால் தொண்ணூறு பக்கத்துக்குள் கொண்டுவரப் பாருங்கள். வெட்ட மனசு வராது, தெரியும். அமெரிக்க நடிகை கிரெட்டா கெர்விக் 2017இல் தனியாக இயக்கிய முதல் படத்தின் ஆரம்ப வடிவம் 350 பக்கத்தைத் தாண்டி இருந்தது என்று அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். வந்த படம் ஒன்றரை மணி நேரம்தான். அவருடைய விஷயத்தில் இன்னொன்றும் கவனிக்க வேண்டும். 2017க்குப் பத்து வருடம் முன்னாலிருந்தே மிகச் சிறிய படங்களில் நடித்துக்கொண்டே சேர்ந்து எழுதினார், ஒரு படத்தை இன்னொருவரோடு சேர்ந்து இயக்கினார். வெளியே பார்க்கிறவர்களுக்கு அது திடீர்ப் பாய்ச்சலாகத் தெரிந்தது. தான் தனியாக இயக்கிய அந்தப் படத்தில் அவர் நடிக்கவில்லை.

அக்கா வேடத்தில் நீங்களே நடிக்கலாமா என்பதற்கு இதோடு சேர்த்தே பதில் சொல்லிவிடுகிறேன். குறும்படத்தில் வேண்டவே வேண்டாம். பெரிய படத்தில், முடிந்தால் வேண்டாம். அபர்ணா சென் வங்காளப் படங்களில் நட்சத்திரமாக இருந்தவர், பதினாறு வயதுக்குள் சத்யஜித் ராயின் படத்தில் அறிமுகமானவர், 1981இல் தானே எழுதிய முதல் படத்தை இயக்கினபோது அதில் ஜெனிஃபர் கெண்டலை நடிக்க வைத்தார், இயக்கத்துக்குத் தேசிய விருது வந்தது. ரேவதி 2002இல் முதல் படம் இயக்கியபோது ஷோபனா நடித்தார். சாரா பாலி குழந்தையிலிருந்து நடித்தவர், சில குறும்படங்கள் எடுத்துவிட்டு 2006இல் முதல் பெரிய படத்தை இயக்கியபோது ஜூலி கிறிஸ்டியை வைத்து எடுத்தார். கேமராவுக்குப் பின்னால் நின்று பார்க்க ஒரு படமாவது வேண்டும் என்று இவர்கள் எல்லோருக்கும் தோன்றியிருக்கிறது.

இதன் மறுபக்கத்தை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். சில வருடத்துக்கு முன்னால் ஒரு முதல் படம் எடிட் செய்தேன், இயக்கியவரே நாயகி. திறமைசாலி, இன்றைக்கும் மதிக்கிறேன். அப்பாவிடம் உண்மையைச் சொல்கிற காட்சி, எட்டு டேக். அவர் தேர்ந்தெடுத்தது ஆறாவது, அதில்தான் அவர் குரல் உடைந்தது, கண்ணீர் சரியான வார்த்தையில் இறங்கியது. நான் கேட்டது மூன்றாவது. அதில் அவர் சுமாராகத்தான் செய்திருந்தார், ஆனால் அப்பாவாக நடித்தவர், பேச்சு முடியும் முன்பே, மேசையில் இருந்த தன் கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டார், மகளைச் சரியாகப் பார்க்க வேண்டும் என்பது போல. மூன்று நாள் பேசினோம். கடைசியில் அப்பா முகத்தில் பதினான்கு விநாடி நிறுத்தி, மகளின் குரலை மட்டும் ஓடவிட்டுப் பார்த்தோம், அறையில் இருந்த யாரும் பேசவில்லை. அவர் அழுதார். அப்புறம் சொன்னார்: எடுக்கும்போது எனக்கு அவர் கண்ணாடி போட்டதே தெரியாது, நான் என் கண்ணீருக்காகக் காத்திருந்தேன் என்று. நடிப்பவர் உள்ளே இருந்தாக வேண்டும், இயக்குபவர் வெளியே இருந்தாக வேண்டும், முதல் படத்திலேயே இரண்டு இடத்திலும் இருப்பது மிகவும் கஷ்டம்.

நடித்தே தீர வேண்டும் என்றால், பணம் போடுகிறவர் அந்த நிபந்தனையோடுதான் வருகிறார் என்றால், ஒன்று செய்யுங்கள். பார்பரா லோடன் என்ற நடிகை 1970இல் ஒரே ஒரு முழுநீளப் படம் எழுதி, இயக்கி, நடித்தார். 16 எம்.எம். ஃபிலிம், விரல் விட்டு எண்ணக்கூடிய குழு, வெனிஸ் விழாவில் விமர்சகர்களின் பரிசு வாங்கியது. அதில் நிக்கலஸ் ப்ரொஃபெரஸ்தான் கேமராவும், அவரேதான் எடிட்டிங்கும். அதாவது, லோடன் நடிக்கும்போது பார்த்துக்கொண்டிருந்த கண்தான் பிறகு மேசையிலும் உட்கார்ந்தது. அப்படி நம்பக்கூடிய ஒரு ஆள் உங்களுக்கும் வேண்டும். நீங்கள் "போதும்" என்று சொன்ன பிறகும் "இன்னொன்று போகலாம்" என்று எல்லோர் முன்னாலும் சொல்கிற அதிகாரம் அவருக்கு இருக்க வேண்டும், அதைப் படப்பிடிப்புக்கு முன்பே குழுவுக்குச் சொல்லிவிட வேண்டும். உங்களுடைய கனமான காட்சிகளை முதல் இரண்டு நாளில் வைக்காதீர்கள். ஒவ்வொரு டேக்குக்கும் ஓடிப்போய் மானிட்டரில் பார்த்துக்கொண்டிருந்தால் நாளில் பாதி அதிலேயே போய்விடும்.

நடிகர்களை வேலை வாங்குவதில் உங்களுக்குப் பெரிய வசதி இருக்கிறது, ஒரு ஆபத்தும் இருக்கிறது. "இன்னும் கொஞ்சம் சோகமா" என்று சொன்னால் நடிப்பவர் மனசில் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியும், அதனால் அப்படிச் சொல்ல மாட்டீர்கள். அவள் என்ன செய்யப் பார்க்கிறாள், எதை மறைக்கிறாள் என்றுதான் பேசுவீர்கள். ஆனால் நேரம் போய்க்கொண்டிருக்கும், மூன்றாவது டேக்கும் சரியில்லை, எல்லோரும் உங்களையே பார்ப்பார்கள், அப்போது நடித்துக் காட்டிவிடத் தோன்றும். உங்களுக்கு நன்றாக நடிக்க வேறு தெரியும். செய்யாதீர்கள். காட்டிவிட்டால் அவர்கள் உங்களைப் பார்த்துச் செய்வார்கள், படத்தில் நாலு பேரும் ஒரே மாதிரிக் கையை அசைப்பார்கள். எடிட்டில் எனக்கு அது முதல் அரை மணி நேரத்திலேயே தெரிந்துவிடும். அதற்குப் பதில் கையில் ஒரு வேலை கொடுத்துப் பாருங்கள், துணி மடிக்கச் சொல்லுங்கள், பையில் எதையாவது தேடச் சொல்லுங்கள்.

குறும்படத்துக்கு வருவோம். பெரிய படத்தின் ஒரு காட்சியை எடுத்துக் காட்டாதீர்கள், பலர் அப்படிச் செய்கிறார்கள், அது விளம்பரம் மாதிரி இருக்கும், முடிவே இருக்காது. அதே உலகத்திலிருந்து தனியாக நிற்கிற ஒன்றை எழுதுங்கள். இரண்டு பேர், ஒரு அறை, ஒரு பொருள் போதும். ஆஸ்கர் விதிப்படி நாற்பது நிமிடம்வரை குறும்படம்தான், ஆனால் விழாக்களில் நிகழ்ச்சி அமைப்பவர்களுக்குப் பத்துப் பதினைந்து நிமிடப் படத்துக்கு இடம் கண்டுபிடிப்பது எளிது. உங்களுக்கும் அதுவே போதுமான பயிற்சி.

ஒலிக்குப் பணம் ஒதுக்குங்கள். படம் கொஞ்சம் இருட்டாக இருந்தால் பார்க்கிறவர்கள் ஸ்டைல் என்று எடுத்துக்கொள்வார்கள், பேச்சு கேட்காவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். ஒவ்வொரு இடத்திலும் கிளம்பும் முன் எல்லோரையும் அசையாமல் நிற்கச் சொல்லி ஒரு நிமிடம் அந்த அறையின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்துகொள்ளுங்கள். வெட்டுகிற இடங்களை ஒட்ட அது இல்லாமல் நாங்கள் படுகிற பாடு கொஞ்சமில்லை. படப்பிடிப்போடு பணமும் முடிந்துபோய், ஒலிக்கலவையும் வண்ணத்திருத்தமும் செய்ய வழியில்லாமல் ஹார்ட் டிஸ்க்கிலேயே இருக்கிற நல்ல படங்கள் எனக்குத் தெரியும். எடுப்பதற்கு முன்பே, எடுத்த பிறகு வருகிற வேலைக்கான தொகையைத் தனிக் கணக்கில் போட்டு, இல்லாத பணம் என்று நினைத்துக்கொள்ளுங்கள். சொந்தச் சேமிப்பைக் குறும்படத்துக்குப் போடலாம், திரும்பி வராது என்று தெரிந்தே போடுங்கள். பெரிய படத்துக்குச் சொந்த வீட்டை அடகு வைக்கிற யோசனையைக் கடிதத்தின் கடைசியில் லேசாகச் சொல்லியிருந்தீர்கள், அதைக் கைவிட்டுவிடுங்கள், தயவுசெய்து.

முடித்ததும் ஆசையில் இணையத்தில் ஏற்றிவிடாதீர்கள். பல விழாக்களின் போட்டிப் பிரிவுகளில் முதல் திரையிடல் தங்களுடையதாக இருக்க வேண்டும் என்பார்கள், பெரிய விழாக்களில் ஏற்கெனவே இணையத்தில் வந்த படத்தைச் சேர்ப்பதே கஷ்டம். எந்த விழாவுக்கு முதலில் அனுப்புவது என்று முடிவு செய்து, அதன் விதிகளை வரிவரியாகப் படித்துவிட்டு அனுப்புங்கள். நுழைவுக் கட்டணம் இருபது முப்பது விழாவுக்குச் சேர்ந்தால் பெரிய தொகையாகிவிடும், பார்த்துச் செலவழியுங்கள்.

அப்புறம் அந்தப் பாட்டு. அம்மா முணுமுணுக்கிற பழைய பாட்டை வைத்துத்தான் இரண்டாம் பாதியே நகர்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். பாட்டில் இரண்டு உரிமை இருக்கிறது, எழுதி இசையமைத்ததற்கு ஒன்று, பதிவு செய்த ஒலிக்கு ஒன்று. காட்சியில் அது ரேடியோவில் ஓடுவதாக வைத்தால் இரண்டும் வாங்க வேண்டும். நடிகை வாயால் முணுமுணுத்தாலும் முதல் உரிமை வேண்டும். வாங்காமல் எடுத்துவிட்டால் விழா ஒன்றிரண்டில் ஓடலாம், விற்கப் போகும்போது வாங்குகிறவரின் வழக்கறிஞர் முதல் கேள்வியாக இதைத்தான் கேட்பார். இப்போதே விசாரியுங்கள், கிடைக்காது என்றால் புதிதாக ஒரு பாட்டு எழுத வையுங்கள். அந்த அம்மா மட்டுமே பாடிய பாட்டாக இருந்துவிட்டால் கதைக்கும் நல்லதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

நண்பர் விஷயத்தில் தாமதிக்காதீர்கள். நாற்பது பக்க வசனத்தை அவர் திருத்திக் கொடுத்திருக்கிறார் என்றால் அது சின்ன உதவி இல்லை. இன்றைக்கு நீங்கள் இருவரும் நல்லபடியாக இருக்கிறீர்கள், பேச இதுதான் சரியான நேரம். அவருக்குத் திரையில் என்ன பெயர், பணம் வந்தால் எவ்வளவு பங்கு, வராவிட்டால் என்ன, ஸ்கிரிப்டின் உரிமை யாரிடம், இதை ஒரு பக்கத்தில் எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போடுங்கள், உங்கள் ஊர்ச் சட்டம் தெரிந்த வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டிவிடுங்கள். இதைச் செய்யாமல் விட்டு, முடிந்த படம் வெளியே வர முடியாமல் போனதையும், இருபது வருட நட்பு போனதையும் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன்.

நடிக்கிற வாய்ப்பு நிற்குமா? கொஞ்சம் குறையலாம். "அவங்க இப்ப டைரக்‌ஷன்ல இருக்காங்க" என்று ஒரு பேச்சு கிளம்பினால் கூப்பிட நினைத்தவர்களும் வேறு ஆளைத் தேடிக்கொள்வார்கள். அதனால் நீங்களே போன் செய்து, இந்த மாதத்திலிருந்து இந்த மாதம்வரை மட்டும்தான் வேலை, மற்ற நாட்களில் நடிக்கிறேன் என்று சொல்லிவிடுங்கள். நடிப்பை விட்டுவிடாதீர்கள். அந்தச் சம்பளம்தான் உங்களை யாரிடமும் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடவிடாமல் காப்பாற்றும். தவிர, இனிமேல் நடிக்கப் போகிற ஒவ்வொரு செட்டிலும் உங்கள் ஷாட் முடிந்ததும் கேரவனுக்குப் போகாமல் மானிட்டர் பக்கத்தில் நில்லுங்கள். யாரையும் தொந்தரவு செய்யாமல் நின்றால் யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள்.

எடிட் அறைக்கு எப்படிப் போவது என்று கேட்பீர்கள். நீங்கள் கடைசியாக நடித்த படத்தின் எடிட்டரிடம் நேரடியாகக் கேளுங்கள், இயக்குநரின் அனுமதியோடு. பெரும்பாலும் மகிழ்ச்சியாகச் சம்மதிப்பார்கள், எங்களைத் தேடி நடிகர்கள் வருவது அபூர்வம். போனதும் உங்கள் காட்சிகளைக் கேட்காதீர்கள், நீங்கள் இல்லாத ஒரு காட்சியை எடுத்துக்கொண்டு, அதன் எல்லா டேக்கையும் ஆரம்பத்திலிருந்து கடைசிவரை, 'ஆக்‌ஷனு'க்கு முன்னால் இருப்பதையும் 'கட்'டுக்குப் பின்னால் இருப்பதையும் சேர்த்துப் பாருங்கள். பார்க்கப் பார்க்க எது பிடித்தது என்று நேரத்தோடு குறித்துக்கொள்ளுங்கள். பிறகு எடிட்டர் எதை எடுத்திருக்கிறார் என்று ஒப்பிட்டு, ஏன் என்று கேளுங்கள். இரண்டு வாரத்தில் உங்கள் ஸ்கிரிப்டில் எங்கெங்கே வெட்ட வேண்டும் என்று உங்களுக்கே தெரிய ஆரம்பிக்கும்.

குறும்படம் எடுத்து ஒரு முதல் வடிவம் வந்ததும் எனக்கு அனுப்புங்கள், ஒலி சரி செய்யாமல், வண்ணம் சரி செய்யாமல் இருந்தாலும் பரவாயில்லை, அப்படிப் பார்த்துத்தான் எனக்குப் பழக்கம். அதற்கு முன்னால், முடிந்தால் இந்த வாரமே, 17ஆவது காட்சிக்கு அப்புறம் வருகிற பக்கங்களை அனுப்பி வையுங்கள். அந்த அலமாரி திறந்ததா என்று எனக்குத் தெரிய வேண்டும்.